பி.எஸ்.பி. எமுலேட்டர்: விளையாட்டு மெதுவாக ஓடுகிறது, அண்ணனின் பழைய சேமிப்பும் வேண்டும்

லயத்துவீடு (கேள்வி)

அனைவருக்கும் வணக்கம். நாங்கள் மலேசியாவில் சுங்கை சிப்புட்டில், ரப்பர் மரங்களைச் சாய்த்துவிட்டுச் செம்பனை நட்ட ஒரு தோட்டத்தின் ஓரத்தில் குடியிருக்கிறோம். என் அண்ணன் வேலைக்குப் போன புதிதில், 2009இல் வாங்கிய பி.எஸ்.பி. 3000 என்ற சோனியின் கையடக்க விளையாட்டுக் கருவி எங்கள் வீட்டு அலமாரியில் துணி சுற்றிக் கிடந்தது. அண்ணன் இப்போது சிங்கப்பூரில் வேலை செய்கிறார். இரண்டு மாதத்துக்கு ஒருமுறை வந்து போவார். பள்ளி விடுமுறையில் அவருடைய மகன் அதைக் கண்டெடுத்து, அப்பா விளையாடிய 'கிரைசிஸ் கோர்' விளையாட்டை அப்பா நிறுத்திய இடத்திலிருந்து தான் தொடர வேண்டும் என்று என் பின்னாலேயே சுற்றுகிறான். கருவியைத் திருப்பிப் பார்த்தால் பேட்டரி உப்பிப் பின்மூடியைத் தள்ளிக்கொண்டு நிற்கிறது. பயத்தில் மின்னூட்டம் செய்யவே இல்லை.

ஆகவே, ஈப்போவில் இருக்கும் நண்பர் ஒருவர் தம்முடைய பி.எஸ்.பி.யில் எங்கள் வட்டைப் போட்டு, அதை ஐ.எஸ்.ஓ. கோப்பாக, அதாவது வட்டின் முழு நகலாக, எடுத்துத் தந்தார். நான் என் ஆண்ட்ராய்டு கைப்பேசியில் பி.எஸ்.பி. விளையாட்டுகளை ஓட்டும் எமுலேட்டரான பிபிஎஸ்எஸ்பிபி செயலியை நிறுவி அதை ஓட்டிப் பார்த்தேன். கைப்பேசி போன ஆண்டு எழுநூறு வெள்ளிக்கு (ரிங்கிட்) வாங்கியது. நினைவகம் 6 ஜிகாபைட், திரையின் குறுக்களவு 720 பிக்சல். ஒரு காணொளியில் காட்டிய 'மிக உயர்ந்த தரம்' அமைப்புகளை அப்படியே வைத்தேன். படம் அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் பாத்திரம் தண்ணீருக்குள் நடப்பதைப் போல நடக்கிறது, ஒலி அலைவரிசை சரியாகக் கிடைக்காத வானொலியைப் போலக் கரகரக்கிறது. சரியாகட்டும் என்று செயலியை நீக்கிவிட்டு மறுபடி நிறுவினேன். பையன் மூன்று நாள் விளையாடிச் சேமித்திருந்தது முழுவதும் காணாமல் போய்விட்டது. அவன் என்னோடு ஒருநாள் பேசவில்லை.

வேகத்தை எப்படிச் சரிசெய்வது, சேமிப்பு ஏன் அழிந்தது, பேட்டரி உப்பிய கருவியின் மெமரி ஸ்டிக் என்ற சேமிப்பு அட்டையிலிருந்து அண்ணனின் சேமிப்பை எடுத்துக் கைப்பேசியில் திறக்க முடியுமா என்பவற்றை அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

வேகமன்னன்

நண்பரே, எழுநூறு வெள்ளிக் கைப்பேசியில் இதை எதிர்பார்க்கக் கூடாது. இதற்கெல்லாம் விளையாட்டுக்கென்றே செய்த, இரண்டாயிரம் வெள்ளிக்கு மேற்பட்ட கைப்பேசிதான் சரிவரும். பணத்தைச் சேர்த்து ஒன்று வாங்கிவிடுங்கள்.

தைப்பிங்_பழுதுபார்ப்பவர்

முதலில், யாரும் புதிய கைப்பேசி வாங்க வேண்டியதில்லை. நான் பதினோரு ஆண்டுகளாகக் கைப்பேசி பழுதுபார்க்கும் கடையில் அமர்ந்திருக்கிறேன். இதைவிடக் குறைந்த கைப்பேசிகளில் இந்த விளையாட்டு ஓடுவதைப் பார்த்திருக்கிறேன்.

தம்பி, நீங்கள் பார்த்த காணொளியில் 'ரெண்டரிங் ரெசல்யூஷன்', அதாவது படத்தை எத்தனை புள்ளிகளில் வரைவது என்பதை ஐந்து மடங்கில் வைத்திருப்பார்கள் என்று நினைக்கிறேன். பி.எஸ்.பி.யின் திரை 480க்கு 272 பிக்சல். அதாவது ஒரு படத்துக்கு ஏறத்தாழ ஒரு லட்சத்து முப்பதாயிரம் புள்ளிகள். இரண்டு மடங்கு வைத்தால் நீளமும் அகலமும் இரண்டும் கூடுவதால் புள்ளிகள் நான்கு மடங்காகின்றன. ஐந்து மடங்கு வைத்தால் இருபத்தைந்து மடங்காகி, முப்பத்திரண்டு லட்சத்தைத் தாண்டுகின்றன. உங்கள் திரையின் குறுக்களவே 720தான். இரண்டு மடங்கில் 544 வரிகள் வரும். மூன்று மடங்கில் 816 வந்து, திரைக்குள் அடங்காமல் மறுபடி சுருக்கப்படும். ஐந்து மடங்கில் கைப்பேசி 1,360 வரிகளை வியர்வை சிந்தி வரைந்து, அதில் பாதியைக் கீழே கொட்டுகிறது. இரண்டு மடங்கிலேயே வையுங்கள். அதுவும் தடுமாறினால் ஒரு மடங்கு. ஒரு மடங்கு என்பது உங்கள் அண்ணன் அன்றைக்குப் பார்த்த அதே படம்; அவர் குறை சொல்லியிருக்க மாட்டார்.

கரகரப்பு ஒலியின் கோளாறு கிடையாது, வேகக் குறைவின் அறிகுறி. ஒலிக்கு நொடிக்கு 44,100 மாதிரிகள் வந்துகொண்டே இருக்க வேண்டும். விளையாட்டு எண்பது விழுக்காட்டு வேகத்தில் ஓடினால் மாதிரிகளும் எண்பது விழுக்காடுதான் வந்து சேரும், மீதி இடம் வெறுமையாகித் துண்டுதுண்டாக ஒலிக்கும். ஆகவே ஒலி அமைப்புகளைத் தொடாதீர்கள். வேகம் சரியானால் ஒலியும் தானாகச் சரியாகும். நொடிக்கு எத்தனை படங்கள் வருகின்றன என்று வேகத்தைக் காட்டும் எண்ணைத் திரையின் மூலையில் தெரியும்படி வைத்துக்கொண்டு ஒவ்வொரு மாற்றத்துக்குப் பிறகும் அதைப் பாருங்கள். கண்ணால் மதிப்பிட்டால் ஏமாறுவோம்.

இன்னொன்றையும் சோதிக்க வேண்டும். பி.எஸ்.பி.யின் செயலகம் மிப்ஸ் வகையைச் சேர்ந்தது. நம் கைப்பேசிகளில் இருப்பது ஆர்ம் வகை. ஒன்றின் மொழி மற்றொன்றுக்குப் புரியாது. அந்தக் காலத்துத் தோட்டங்களில், காலையில் ஆள்களைக் கணக்கெடுக்கும் பெரட்டில், துரை ஆங்கிலத்தில் சொல்லச் சொல்லக் கணக்கரான கிராணி ஒவ்வொரு வாக்கியமாகத் தமிழில் பெயர்த்துச் சொல்வாராம். எமுலேட்டர் செய்வதும் அதே வேலைதான். இதில் இரண்டு முறைகள் உண்டு. 'இன்டர்ப்ரெட்டர்' என்பது அதே கட்டளை ஆயிரம் முறை வந்தாலும் ஆயிரம் முறையும் புதிதாகப் பெயர்ப்பது. 'டைனரெக்' என்பது முதல்முறை பெயர்த்ததைப் பலகையில் எழுதிவைத்துவிட்டு, அடுத்த முறை பலகையைக் காட்டுவது. பின்னது பல மடங்கு விரைவானது. செயலி இயல்பாகவே அதில்தான் வரும். காணொளியைப் பார்த்து 'டெவலப்பர் டூல்ஸ்' பகுதியில் எதையாவது மாற்றியிருந்தால், சி.பி.யு. கோர் என்ற இடத்தில் டைனரெக் இருக்கிறதா என்று பாருங்கள். இவற்றை ஒவ்வொன்றாகத் தேடுவதைவிட, அமைப்புகள் அனைத்தையும் தொடக்க நிலைக்குத் திருப்பும் பொத்தான் ஒன்று உண்டு. அதை அழுத்திவிட்டு ரெசல்யூஷனை மட்டும் மாற்றுவதே என் வழக்கம். கடைக்கு வரும் பத்துப் பேரில் எட்டுப் பேருக்கு அதுவே போதுமானதாக இருக்கிறது.

அதற்குப் பிறகும் தடுமாறினால் பேக்கெண்ட் என்ற இடத்தில் படம் வரையும் முறைகளான வல்கன், ஓப்பன்ஜிஎல் இரண்டையும் மாற்றி மாற்றிப் பாருங்கள். எது விரைவு என்பது கைப்பேசிக்குக் கைப்பேசி வேறுபடும். ஃபிரேம் ஸ்கிப்பிங்கைக் கடைசியாகத் தொடுங்கள். அது சில படங்களை வரையாமல் தாண்டுமே தவிர, கணக்குப் போடும் வேலையைக் குறைக்காது.

சேமிப்பு அழிந்த காரணம் இதுதான். முதல்முறை திறக்கும்போது, பி.எஸ்.பி. கோப்புறையை எங்கே வைப்பது என்று செயலி கேட்கும். செயலியின் சொந்த இடத்தில் வைக்கும் வாய்ப்பைத் தேர்ந்தெடுத்தால், செயலியை நீக்கும்போது ஆண்ட்ராய்டு அந்த இடத்தையும் சேர்த்தே துடைத்துவிடும். கைப்பேசியின் பொதுச் சேமிப்பில் நீங்களே ஒரு கோப்புறையை உருவாக்கி அதைக் காட்டியிருந்தால், நீக்கினாலும் உள்ளிருப்பது அப்படியே இருக்கும். பழைய பதிப்புகளில் இந்தக் கேள்வியே வராது. ஆண்ட்ராய்டு 11இல் கோப்பு அனுமதிகளை இறுக்கிய பிறகே வந்தது. பலரும் படிக்காமல் அழுத்தி மாட்டிக்கொள்கிறார்கள். இனி அந்தக் கோப்புறைக்குள் இருக்கும் 'சேவ்டேட்டா'வை வாரம் ஒருமுறை கணினிக்கு நகலெடுங்கள்.

அதோடு, விளையாட்டுக்குள் இருக்கும் சேமிப்பையே நம்புங்கள். எமுலேட்டர் தரும் 'சேவ் ஸ்டேட்' எந்த நொடியிலும் நிறுத்திவைக்க வசதியானது. ஆனால் செயலியின் பதிப்பு மாறும்போது சில வேளை திறக்காமல் போகும்.

பேட்டரியைப் பற்றி அழுத்தமாகவே சொல்கிறேன். உப்பிய லித்தியம் பேட்டரியை அழுத்தக் கூடாது, குத்தக் கூடாது, மின்னூட்டக் கூடாது. பின்மூடியை மெதுவாகத் திறந்து அதை எடுத்து, எரியக்கூடிய பொருள்களிலிருந்து தள்ளிவைத்து, மின்பொருள் கழிவு வாங்குபவர்களிடம் கொடுத்துவிடுங்கள். வீட்டுக் குப்பையில் போடாதீர்கள். பி.எஸ்.பி. 3000 பேட்டரி இல்லாமலே, அதற்குரிய 5 வோல்ட் மின்னேற்றியில் நேரடியாக இயங்கும். இயங்கியதும் சிறிய பழைய வகை மினி யு.எஸ்.பி. கம்பியால் கணினியில் இணைத்து, முகப்பில் யு.எஸ்.பி. இணைப்பைத் தேர்ந்தெடுத்தால் மெமரி ஸ்டிக் ஒரு சாதாரண டிரைவாகத் தெரியும். அதில் பி.எஸ்.பி. கோப்புறைக்குள் இருக்கும் சேவ்டேட்டாவை எடுத்து, கைப்பேசியில் அதே பெயருள்ள கோப்புறைக்குள் வையுங்கள். மாற்றம் எதுவும் செய்ய வேண்டியதில்லை.

கிள்ளான்_கரை

ஐயா விரிவாகச் சொல்லிவிட்டார். செயலியைக் கூகுள் பிளேயிலிருந்தோ அதன் அதிகாரப்பூர்வத் தளத்திலிருந்தோ மட்டும் எடுங்கள். ஹென்ரிக் ரித்கார்ட் 2012இல் வெளியிட்ட இந்தச் செயலி அன்றும் இன்றும் இலவசம், மூலநிரலும் திறந்தது. 'கோல்டு' பதிப்பு என்பது அவருக்கு ஆதரவாகப் பணம் கொடுப்பதற்கானது. விளையாட்டு அதில் கூடுதல் வேகமாக ஓடாது. 'கோல்டு இலவசம்' என்று எங்கோ கிடைப்பதை நிறுவுபவர்கள் எதற்காக நிறுவுகிறார்கள் என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை.

என்னிடம் ஐபோன் இருக்கிறது. ஆப்பிள் தன் விதியைத் தளர்த்திய பிறகு, 2024 மே மாதத்தில் இதே செயலி ஆப் ஸ்டோருக்கும் வந்தது. அங்கே மேலே சொன்ன பலகையில் எழுதும் முறைக்கு அனுமதி இல்லை. ஆனாலும் புதிய ஐபோன்களின் செயலகம் விரைவானது என்பதால் பெரும்பாலானவை நன்றாகவே ஓடுகின்றன.

வேகமன்னன்

சரி, என் கருத்தைத் திரும்பப் பெறுகிறேன். அப்படியே அந்த விளையாட்டின் ஐ.எஸ்.ஓ. இணைப்பு யாரிடமாவது இருந்தால் இங்கே போடுங்கள்.

தைப்பிங்_பழுதுபார்ப்பவர்

அது இங்கே வேண்டாம், தம்பி. எமுலேட்டர் வைத்திருப்பதில் தவறு இல்லை. பிறருடைய விளையாட்டை இறக்கிப் பரப்புவது வேறு விஷயம். செயலியின் முகப்பிலேயே ஆர்வலர்கள் எழுதி இலவசமாக வழங்கிய விளையாட்டுகளுக்கென்று ஒரு பகுதி இருக்கிறது. சோதிக்க அது போதும்.

லயத்துவீடு

ஐயாவுக்கு மிக்க நன்றி. நீங்கள் சொன்னபடியே தொடக்க நிலைக்குத் திருப்பி, இரண்டு மடங்கில் வைத்தேன். மூலையில் 30 என்ற எண் அசையாமல் நிற்கிறது, கரகரப்பும் போய்விட்டது. கோப்புறையையும் வெளியே வைத்துவிட்டேன்.

ஆனால் இரண்டு சிக்கல்கள் எஞ்சியிருக்கின்றன. மதியம் விளையாடினால் அரைமணி நேரத்தில் எண் 30இலிருந்து 22க்கு இறங்குகிறது. இரவில் அப்படி ஆவதில்லை. இரண்டாவது, பேட்டரியை எடுத்துவிட்டு மின்னேற்றியில் போட்டதும் அண்ணனின் கருவி உயிர்பெற்றது. மெமரி ஸ்டிக்கையும் படித்துவிட்டேன். சேமிப்புக் கோப்புறை இருக்கிறது, தேதி 2012 என்று காட்டுகிறது. அதைக் கைப்பேசியில் உரிய இடத்தில் வைத்தும், விளையாட்டுக்குள் சென்று பார்த்தால் சேமிப்பு எதுவும் இல்லை என்றே சொல்கிறது. பையன் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

ரவாங்_அக்கா

நான் பி.எஸ்.பி. வட்டுகளைச் சேர்த்து வைத்திருப்பவள் என்பதால் இரண்டாவதற்குப் பதில் சொல்கிறேன். சேமிப்புக் கோப்புறையின் பெயர் எந்த எழுத்துகளில் தொடங்குகிறது என்று பாருங்கள். ஒவ்வொரு வட்டுக்கும் ஒரு குறியீடு உண்டு. அமெரிக்கப் பதிப்புக்கு யூ.எல்.யூ.எஸ். என்றும், ஐரோப்பியப் பதிப்புக்கு யூ.எல்.இ.எஸ். என்றும் தொடங்கும். 'கிரைசிஸ் கோர்' அமெரிக்கப் பதிப்பில் யூ.எல்.யூ.எஸ். 10336, ஐரோப்பியப் பதிப்பில் யூ.எல்.இ.எஸ். 01044. விளையாட்டு தன் குறியீட்டில் தொடங்கும் சேமிப்பை மட்டுமே தேடும். மற்றது பக்கத்திலேயே இருந்தாலும் கண்டுகொள்ளாது. பி.எஸ்.பி. விளையாட்டு வட்டுகளுக்கு நாட்டுப் பூட்டு இல்லை என்பதால் அந்தக் காலத்தில் நம் ஊர்க் கடைகளில் எல்லாப் பதிப்புகளும் கலந்தே விற்றார்கள். கைப்பேசியில் விளையாட்டின் படத்தை நீண்ட நேரம் அழுத்தினால் குறியீடு தெரியும். வட்டின் உறையைப் பார்க்காதீர்கள், வட்டின் மேலேயே அச்சிட்டிருப்பதைப் பாருங்கள்.

தைப்பிங்_பழுதுபார்ப்பவர்

அக்கா சொன்னதைப் பாருங்கள். மதிய வேகக் குறைவு வெப்பத்தால் வருவது. தகரக் கூரை வீட்டில் இரண்டு மணிக்குக் கைப்பேசி கொதிக்கும். தன்னைக் காத்துக்கொள்ளச் செயலகம் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்கிறது. மின்னூட்டிக்கொண்டே விளையாட விடாதீர்கள், தடித்த ரப்பர் உறையைக் கழற்றுங்கள், திரையின் வெளிச்சத்தைக் குறையுங்கள், மதியத்துக்கு மட்டும் ஒரு மடங்கில் வையுங்கள். மின்சிக்கன முறை இயங்கிக்கொண்டிருந்தால் அதையும் நிறுத்துங்கள்.

லயத்துவீடு

அக்கா, கோப்புறை யூ.எல்.யூ.எஸ். என்று தொடங்குகிறது. உறையிலும் அதுவேதான். ஆனால் உள்ளே இருக்கும் வட்டில் யூ.எல்.இ.எஸ். என்று அச்சிட்டிருக்கிறது! அண்ணனிடம் கேட்டேன். அவரும் பக்கத்து லயத்துக் கூட்டாளியும் ஒரே விளையாட்டை ஆளுக்கொன்று வாங்கி, மாரியம்மன் கோவில் திண்ணையில் உட்கார்ந்து சேர்ந்து விளையாடுவார்களாம். ஒருநாள் திடீரென்று சேமிப்பைக் காணோம் என்றதும், மெமரி ஸ்டிக் கெட்டுவிட்டது என்று முடிவுகட்டி, மனம் வெறுத்து அந்த விளையாட்டை அதோடு விட்டுவிட்டாராம். இத்தனை ஆண்டுகளாக அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்திருக்கிறார். கூட்டாளி இப்போது பட்டணத்தில் மோட்டார் பட்டறை வைத்திருக்கிறார்; நாளை போய்க் கேட்கிறேன். கிடைத்தால் அதை அண்ணனின் கருவியிலேயே கோப்பாக எடுக்க முடியுமா? அதில் 6.60 புரோ என்று ஏதோ போட்டிருக்கிறது.

ரவாங்_அக்கா

முடியும், தம்பி. அந்த 6.60 புரோ என்பது கருவியை இயக்கும் மென்பொருளான ஃபர்ம்வேருக்கு ஒரு மாற்று. ஆனால் 3000 மாடலில் அது நிலையாக நிற்காது. மின்சாரம் முழுவதும் நின்றால் கழன்றுவிடும். நீங்கள் பேட்டரியை எடுத்துவிட்டதால் இப்போது அது இல்லாமல் இருக்கும். முகப்பில் விளையாட்டுகள் பகுதியில் மெமரி ஸ்டிக்கைத் திறந்து, 'ஃபாஸ்ட் ரெகவரி' என்று இருப்பதை ஒருமுறை ஓட்டுங்கள். பிறகு முகப்பில் 'செலக்ட்' பொத்தானை அழுத்தினால் ஒரு சிறிய பட்டியல் வரும், அதில் யு.எஸ்.பி. கருவி என்பதை யு.எம்.டி. வட்டு (கருவிக்குள் போடும் விளையாட்டு வட்டு) என்று மாற்றி, கணினியில் இணையுங்கள். வட்டு முழுவதும் ஒரே ஐ.எஸ்.ஓ. கோப்பாகத் தெரியும், அதை இழுத்துக் கணினியில் போட்டுவிட வேண்டியதுதான். ஒரு வட்டு 1.8 ஜிகாபைட் வரை கொள்ளும் என்பதால் நேரமெடுக்கும். இடையில் மின்னேற்றியின் கம்பியை யாரும் தட்டிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். பேட்டரி இல்லாததால் கம்பி அசைந்தால் எல்லாம் முதலிலிருந்துதான்.

லயத்துவீடு

கிடைத்துவிட்டது. கூட்டாளியின் அம்மா தையல் இயந்திரத்தின் இழுப்பறையில், பொத்தான் டப்பாவுக்கு அடியில் வைத்திருந்தார். வட்டின் மேல் யூ.எல்.யூ.எஸ். 10336. அன்றைக்கே இருவர் வட்டும் மாறிப்போயிருக்கின்றன. எங்களிடம் இருந்த கூட்டாளியின் யூ.எல்.இ.எஸ். வட்டை அவரிடமே ஒப்படைத்துவிட்டு, அதிலிருந்து எடுத்த கோப்பையும் கைப்பேசியிலிருந்து நீக்கிவிட்டேன். அண்ணனின் வட்டை முதல்முறை கோப்பாக்கும்போது பையன் கம்பியில் தடுக்கினான். இரண்டாவது முறை மின்விசிறியைக்கூட நிறுத்திவிட்டு மூவரும் அசையாமல் உட்கார்ந்திருந்தோம்.

சேமிப்பு திறந்தது. விளையாட்டுக்குள் நேரம் 41 மணி 12 நிமிடம் என்று காட்டுகிறது. அண்ணனுக்குப் படம் அனுப்பினேன். வெள்ளிக்கிழமை இரவுப் பேருந்தில் வருவதாகச் சொல்லிவிட்டு, அதுவரை தன்னுடைய சேமிப்பின் மேல் யாரும் எழுதக் கூடாது என்று மூன்று முறை செய்தி அனுப்பிவிட்டார். பையனை இரண்டாவது இடத்தில் தனியாகச் சேமிக்கச் சொல்லியிருக்கிறேன். மெமரி ஸ்டிக்கை நகலெடுத்த பிறகு மறுபடி அதே துணியில் சுற்றி அலமாரியில் வைத்துவிட்டேன்.